ஜெர்மனியில் அதிகம் பேசப்படாத ஒரு சுரங்க நகரத்தின் நிலவியலையும் வரலாற்றையும் விளக்க முடியுமா?

இந்தக் கேள்விக்கு ஃப்ரைபெர்க் அல்லது கோஸ்லார் நகரத்தைப் பதிலாகச் சொல்வது வழக்கம். நான் தேர்ந்தெடுப்பது சாக்சனி மாநிலத்தின் தெற்கு விளிம்பில், செக் குடியரசின் எல்லையை ஒட்டியுள்ள யோகான்கேயோர்கன்ஷ்டாட் என்னும் சிற்றூரை. நிலத்தடிப் பாறையும் அரசியல் எல்லையும் சேர்ந்து ஓர் ஊரின் தலையெழுத்தை எழுதியதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது.

எர்ஸ்கெபிர்கே என்னும் தாதுமலைத் தொடரின் மேற்குப் பகுதியில், ஃபாஸ்டன்பெர்க் என்ற குன்றின் சரிவில் இவ்வூர் அமைந்திருக்கிறது. எல்லைக்கு அப்பால், இன்றைய செக் நாட்டைச் சேர்ந்த பொஹீமியப் பக்கத்தில் தோன்றும் ஷ்வார்ட்ஸ்வாஸர் ஆறு இதன் அடிவாரத்தைத் தொட்டு வடக்கே ஓடி, ஆவ நகரில் ஸ்விக்காவ் மூல்டே ஆற்றோடு கலக்கிறது. அருகிலுள்ள ஆவர்ஸ்பெர்க் சிகரத்தின் உயரம் 1,019 மீட்டர். குளிர்காலம் நீண்டது, பனி மிகுந்தது, விளைநிலம் சொற்பம். அப்படியொரு இடத்தில் மனிதர்கள் குடியேறியதற்கான காரணத்தைப் பாறையில்தான் தேட வேண்டும். மேற்கே பரந்துள்ள ஐபென்ஷ்டாக் கருங்கல் பாறைத் திரள், பழைய படலப் பாறைகளோடு சந்திக்கும் பகுதி இது. இங்குள்ள பாறைப் பிளவுகளில் சூடான கனிம நீர் ஏறி, வெள்ளி, கோபால்ட், நிக்கல், பிஸ்மத், யுரேனியம் ஆகிய ஐந்தையும் ஒரே நரம்புகளில் படியவிட்டுச் சென்றது. எந்த நூற்றாண்டில் எந்த உலோகத்துக்கு விலை இருந்ததோ, அந்த நூற்றாண்டில் அந்த உலோகத்தின் ஊராக இது மாறிக்கொண்டே இருந்தது.

ஆனால் ஊர் தோன்றியதற்கு உடனடிக் காரணம் தாது அல்ல, மதம். எல்லைக்கு அப்பால் உள்ள பிளாட்டன், இன்றைய செக் பெயரில் ஹோர்னி பிளாட்னா, 1532இல் சாக்சனி ஆட்சியாளரால் நிறுவப்பட்ட சுரங்க நகரம். புராட்டஸ்டன்ட் ஆட்சியாளர்கள் பேரரசரை எதிர்த்து நடத்திய ஷ்மால்கால்டன் போரில் சாக்சனியின் ஆட்சியாளர் தோற்றபின், 1547இல் அது பொஹீமியாவின் கைக்குப் போயிற்று. ஒரு நூற்றாண்டு கழித்து, முப்பதாண்டுப் போர் முடிந்ததும் பொஹீமியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரசு கத்தோலிக்க மதத்தைக் கட்டாயமாக்கியபோது, லூத்தரன் நம்பிக்கையைக் கைவிட மறுத்த பிளாட்டன் சுரங்கத் தொழிலாளர்கள் மலையின் மறுசரிவுக்கு ஓடிவந்தார்கள். அவர்களுக்கு 1654இல் புதிய நகரம் அமைக்க அனுமதி அளித்தவர் சாக்சனி இளவரசர் முதலாம் யோகான் கேயோர்க். ஊரின் பெயர் அவருடையது. அகதிகள் தங்கள் தொழிலறிவை உடன் கொண்டுவந்ததால் சாக்சனிக்கு அது இழப்பில்லாத கருணையாக அமைந்தது என்பது என் கணிப்பு.

வேதியியல் படித்தவர்கள் இவ்வூரைப் பெயர் தெரியாமலே அறிந்திருக்கிறார்கள். 1789இல் பெர்லினில் மார்ட்டின் கிளாப்ரோத் யுரேனியத்தை ஒரு புதிய தனிமமாக அறிவித்தபோது, அவர் ஆராய்ந்த கரிய பிட்ச்பிளெண்ட் தாது இவ்வூரின் கேயோர்க் வாக்ஸ்ஃபோர்ட் சுரங்கத்திலிருந்து வந்தது. அவர் பிரித்தெடுத்தது ஆக்சைடுதான்; தூய உலோகத்தை 1841இல்தான் பிரெஞ்சு வேதியியலாளர் பெலிகோ பிரித்தார். ஆயினும் மேரி கியூரி ரேடியத்தைப் பிரித்தெடுத்த தாதுவைத் தந்ததால் எல்லைக்கு அப்பாலுள்ள யோவாகிம்ஸ்தால் பெற்ற புகழில் சிறு பங்குகூட இவ்வூருக்குக் கிடைக்கவில்லை என்பது வியப்புதான்.

அடுத்த நூறாண்டை விரைவாகக் கடந்துவிடலாம். 1867 ஆகஸ்டில் ஏற்பட்ட பெருந்தீ ஊரின் பெரும்பகுதியை அழித்தது. வெள்ளி குறைந்ததால் மக்கள் தோல் கையுறைத் தயாரிப்புக்கும் மரவேலைக்கும் மாறினார்கள். 1883இல் ரயில் வந்தது. 1899இல் அது எல்லை தாண்டிக் கார்ல்ஸ்பாட் வரை நீண்டது.

1945க்குப் பின் நடந்ததுதான் இந்த வரலாற்றின் கனத்த பகுதி. சாக்சனி சோவியத் ஆக்கிரமிப்பு மண்டலத்தில் இருந்தது. அணுகுண்டு தயாரிக்க முனைந்திருந்த சோவியத் ஒன்றியத்திடம் போதிய உள்நாட்டு யுரேனியம் இல்லை. பழைய வெள்ளிச் சுரங்கங்கள் 1946 முதல் யுரேனியத்துக்காகத் திறக்கப்பட்டன. மறுஆண்டு உருவான நிறுவனத்துக்கு, உண்மை நோக்கத்தை மறைக்கும் பொருட்டு, பிஸ்மத்தைக் குறிக்கும் விஸ்முட் என்ற பெயர் சூட்டப்பட்டது. தொடக்க ஆண்டுகளில் பலர் கட்டாய வேலையாணையின் பேரில் அழைத்து வரப்பட்டார்கள். ஆறாயிரத்துச் சொச்சம் பேர் வாழ்ந்த ஊரில் 1950களின் தொடக்கத்தில் நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் நெருக்கிக்கொண்டு வாழ்ந்தார்கள். அருகிலுள்ள ஷ்னேபெர்க் சுரங்கத் தொழிலாளர்களைக் கொல்லும் நோய் நுரையீரல் புற்றுநோயே என்று 1879லேயே மருத்துவர்கள் காட்டியிருந்தார்கள். அப்படியிருந்தும் இங்கே காற்றோட்டமும் தூசித் தடுப்பும் இல்லாமல் ஆண்டுக்கணக்கில் வேலை வாங்கியதை அறியாமை என்று என்னால் ஏற்க முடியவில்லை.

சுரங்கங்கள் ஊருக்கு அடியிலேயே குடைந்து சென்றதால், நிலம் தாழும் அபாயத்தைக் காரணம் காட்டி, 1950களில் பழைய நகர மையம் இடிக்கப்பட்டது. தேவாலயம் தப்பியது, அதைச் சுற்றியிருந்த தெருக்கள் போயின. மக்களுக்கு வேறிடத்தில் புதுக் குடியிருப்புகள் கட்டப்பட்டன. அந்தப் பத்தாண்டின் இறுதிக்குள் தாதுவும் தீர்ந்துவிட, விஸ்முட் தன் வேலையை வேறு இடங்களுக்கு மாற்றிக்கொண்டது. இன்றும் இவ்வூருக்கு மையமென்று சொல்லத்தக்க ஓரிடம் இல்லாதிருப்பதற்குப் பழைய மையம் இடிக்கப்பட்டதே காரணம். கழிவுப்பாறை மேடுகளைச் சீரமைக்கும் பணிக்கு, முன்பே கைவிடப்பட்ட இடங்கள் என்பதால், ஜெர்மனி ஒன்றிணைந்த 1990க்குப் பிறகும் பணம் உடனே ஒதுக்கப்படவில்லை. 2003இல் மத்திய அரசும் சாக்சனியும் ஒப்பந்தம் செய்த பிறகே அதற்கு வழி பிறந்தது.

இப்போது மக்கள்தொகை ஏறத்தாழ 4,000. கிறிஸ்துமஸ் காலத்தில் ஜெர்மனி முழுவதும் ஜன்னல்களில் வைக்கப்படும் ஷ்விப்போகன் என்ற வளைவு விளக்கில், ஆண்டு பொறிக்கப்பட்ட மிகப் பழையது 1740இல் இவ்வூரில் செய்யப்பட்ட உலோக விளக்கு என்பதை ஊரார் பெருமையோடு சொல்வார்கள். குதிரைகள் சுற்றிவந்து தாதுவை மேலே இழுத்த பழைய இயந்திரக் கூடம் 1990களில் மீண்டும் கட்டப்பட்டுள்ளது. ஃப்ரிஷ் க்ளுக் சுரங்கத்துக்குள் பார்வையாளர்கள் இறங்கலாம். செல்வதாக இருந்தால் ஸ்விக்காவிலிருந்து ரயிலில் வந்து, அதே பாதையில் எல்லை கடந்து ஹோர்னி பிளாட்னாவையும் பார்த்துவிடுங்கள். இவ்வூரின் முதற்பாதி வரலாறு அந்தப் பக்கத்தில்தான் இருக்கிறது.