குசினியில் மாபிள் பதித்தால் சீலர் கட்டாயம் பூச வேண்டுமா? பூசினால் பழுதாகாமல் இருக்குமா?

சீலர் என்பது கல்லின் நுண்துளைகளுக்குள் இறங்கும் திரவப் பூச்சு. பூசினால் கறை ஊறுவது குறையும். ஆனால் யாழ்ப்பாணத்துக் குசினியில் மாபிளைப் பழுதாக்குவது பெரும்பாலும் கறை இல்லை. அதை நான் காசைக் கரைத்த பிறகுதான் விளங்கிக்கொண்டேன்.

எங்கள் கிணற்றுத் தண்ணீர் கேத்தலுக்குள் வெள்ளையாகப் படியும். பேசினைச் சுற்றி மாபிளிலும் அதே வெள்ளை. ஒருநாள் அம்மா பாதித் தேசிக்காயை எடுத்துத் தேய்த்துவிட்டார். வெள்ளை போனது, கூடவே மினுக்கமும் போனது. நான் அதைக் கறை என்று நினைத்து, சீலர் வாங்கி இரண்டு தரம் பூசினேன். மங்கல் அப்படியே இருந்தது, மேலே பிசுபிசுப்பு வேறு. கல் உறிஞ்சாத மிச்சத்தைக் காயமுதல் துடைத்துவிட வேண்டும் என்று போத்தலிலேயே போட்டிருந்தது. யார் வாசித்தது!

விஷயம் இதுதான்: கேத்தலில் படிவதும் மாபிளும் ஒரே சாமான், கல்சியம் காபனேற்று. எங்கள் கிணறுகள் சுண்ணக்கல்லுக்குள் தோண்டியவை அல்லவா, அந்தச் சுண்ணாம்புதான் தண்ணீரோடு வருகிறது. படிவைக் கரைக்கிற புளிப்பு மாபிளையும் கரைக்கும். சீலர் நுண்துளைகளுக்குள் இறங்கி எண்ணெயும் தேநீரும் ஊறுவதைத் தாமதப்படுத்துமே தவிர, மேற்பரப்பைப் புளிப்பு தின்பதை மறிக்காது. தேசிக்காய், பழப்புளி, வினாகிரி, கக்கூஸ் கழுவும் அசிட் எதையும் கிட்ட விடாதீர்கள். மங்கிய இடத்துக்குத் திரும்ப மெருகு போடுவதுதான் வழி. எனக்கும் அதுதான் நடந்தது.

கிறனைட் என்றால் இவ்வளவு பயம் தேவையில்லை, தேசிக்காய்ச் சாறு அதை இலகுவில் தின்னாது. சீலர் தேவையா என்று பார்க்க, நாலு துளி தண்ணீர் விட்டு 10, 15 நிமிடம் பொறுங்கள். துடைத்த பிறகு கல் கறுத்துத் தெரிந்தால் உறிஞ்சுகிறது, பூசலாம். கறுக்காவிட்டால் காசை வைத்திருங்கள். பூசினால் மேலே நின்று ஒட்டும். வெளிர் மாபிளிலும் இதே சோதனைதான். எண்ணெய் ஏற்கெனவே ஊறியிருந்தால் முதலில் அப்பச்சோடாவைத் தண்ணீரில் குழைத்து அப்பி, பொலித்தீனால் மூடி ஒருநாள் விடுங்கள். ஒரு தரத்தில் போகாவிட்டால் திரும்பச் செய்யலாம்.

வார்னிஷ் மாதிரி மேலே படலமாக நிற்கும் பூச்சை நிலத்துக்கு வாங்காதீர்கள். அடியிலிருந்து ஈரம் ஏறும் வீடென்றால் அது வெளுத்து உரியும்.

கிணற்றுத் தண்ணீரின் வெள்ளைக்கு? துளி காய்ந்தால்தான் படியும். பேசினுக்குப் பக்கத்தில் ஒரு பழைய சாரத்துண்டைத் தொங்கவிட்டிருக்கிறோம், சட்டி கழுவி முடிந்ததும் ஒரு துடை.