சிறுவாட்டுப் பணத்தை வீட்டுக்காரருக்குத் தெரியாமல் பேங்கில் போட்டு வைக்கலாமா?

தாராளமாகப் போடலாம். ஆனால் அஞ்சறைப்பெட்டி காத்த ரகசியத்தை பேங்க் ஒரே எஸ்எம்எஸ்ஸில் போட்டு உடைத்துவிடும். பல வீடுகளில் கணக்கு மனைவி பேரில், செல் நம்பர் புருஷனுடையது. இருநூறு ரூபாய் கட்டினாலும் அவர் சட்டைப்பையில் சத்தம் கேட்கும். முதலில் உங்கள் பேரில் ஒரு சிம் வாங்குங்கள். பழைய கணக்கில் நம்பரை மாற்றினால் பழைய நம்பருக்கும் தகவல் போக வாய்ப்புண்டு. அதனால் வேறொரு பேங்கில் குறைந்தபட்ச இருப்பு கேட்காத அடிப்படை சேமிப்புக் கணக்கு தொடங்குவதே நிம்மதி.

அரிசிப் பானைதான் பத்திரம் என்பவர்களுக்கு: எலி கடித்தது 50 ரூபாய் அல்லது அதற்கு மேற்பட்ட நோட்டாக இருந்தால், அதில் ஒரே துண்டாக 80 சதவீதத்துக்கு மேல் மிஞ்சியிருந்தால்தான் முழுப்பணம், 40-லிருந்து 80 வரை பாதி, அதற்குக் கீழே ஒன்றுமில்லை. போதாததற்கு 2016 நவம்பர் 8 வேறு. 500, 1000 செல்லாது என்றதும், வருஷக்கணக்கில் ஒளித்ததை வீட்டுக்காரரிடமே கொடுத்து மாற்றச் சொன்னவர்கள் எத்தனை பேர்!

மாசம் நூறு ரூபாய் ஒதுக்க முடிந்தால் தபால் ஆபீஸ் ஆர்டி, அதாவது மாசாமாசம் கட்டும் சேமிப்பு, போதும். 60 தவணை. தவறினால் நூற்றுக்கு ஒரு ரூபாய் அபராதம்; தொடர்ந்து நாலு மாசம் விட்டால் கணக்கு நின்றுவிடும், இரண்டு மாசத்துக்குள் பாக்கியைக் கட்டி மீட்கலாம். பன்னிரண்டு தவணை கட்டியபின் இருப்பில் பாதி வரை கடன் உண்டு, அவசரத்துக்கு ஆகும். ஏஜென்ட் அக்காவை வீட்டுக்கு வரவிடாதீர்கள்; காய் வாங்கப் போகும் வழியில் நீங்களே கட்டுங்கள்.

தீபாவளிச் சீட்டு மட்டும் வேண்டாம். பிடித்தவர் ஓடிப்போனால், ஒளித்த பணத்துக்கு வாய்விட்டு அழவும் முடியாது.

மகளிர் குழு வேறு ரகம். அழகர்கோவில் பக்கம் பில்லுசேரி சின்னப்பிள்ளையின் களஞ்சியம் என்ற மகளிர் சேமிப்புக் குழு ஊரறிந்தது. 2001-ல் வாஜ்பாய் அவர் காலைத் தொட்டு வணங்கினார். அங்கே ரகசியம் கிடையாது, சேமிப்பது வீட்டுக்கே தெரியும். ஆனாலும் பணம் குழுவின் பேரில் கிடப்பதால், "எடுத்துக் கொடு" என்று கேட்பவரிடம் "குழு கூடித்தான் முடிவு பண்ணும்" என்று சொல்லித் தப்பிக்கலாம்.

நாமினி இடத்தைக் காலியாக விடாதீர்கள். மகளோ அக்கா தங்கச்சியோ, ஒருவர் பேரைப் போட்டு அவரிடம் மட்டும் சொல்லி வையுங்கள். பாஸ்புக்கை அம்மா வீட்டு பீரோவில் வைக்கலாம். பதிவு போட மட்டும் எடுத்தால் போதும்.