ஜெர்மானியர்–போலந்துக்காரர் பகை ஆயிரம் வருடப் பகையா? எல்லையில் அப்படி என்னதான் நடந்தது?

"இந்த இரண்டு இனமும் ஆயிரம் வருடமாக அடித்துக்கொள்கிறவர்கள்தானே, எல்லையில் வேறென்ன நடக்கும்?" என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த ஆயிரம் வருடக் கணக்கை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். வேலை நிமித்தமாகச் சில வருடம் போலந்தின் காட்டோவிட்செ நகரத்தில் இருந்தேன். பழைய மேல் சைலீசியா அது. கரிச்சுரங்க ஊர். இரண்டு நாடும் எங்களுடையது என்று மல்லுக்கு நின்ற மண். அங்கே கேட்டதையும் படித்ததையும் வைத்து நான் நம்புவது இதுதான்: இந்தப் பகைக்கு வயது சுமார் 150. "நீ இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா?" என்று குடிமக்களைக் கேட்டுக்கொண்டே இருந்த அரசாங்கங்கள் வளர்த்தெடுத்த பகை இது.

ஆயிரம் வருடம் என்பவர்கள் வழக்கமாகக் கைகாட்டுவது 1410-ல் நடந்த குருன்வால்ட் போரை. பால்டிக் கடலோரத்தை ஆண்ட ஜெர்மானியச் சிலுவைப்போர் அமைப்பான டியூட்டானிக் வீரத்துறவிகளைப் போலந்து–லித்துவேனியப் படை தோற்கடித்த போர். அதற்கப்புறம் என்ன நடந்தது என்பதை யாரும் சொல்வதில்லை. 1454-ல் அந்தத் துறவிகளின் ஆட்சி பொறுக்காமல் கலகம் செய்த நகரங்களில் டான்சிக்கும் (இன்றைய க்டான்ஸ்க்) தோர்னும் (இன்றைய தோருன்) முக்கியமானவை. அங்கிருந்த வணிகர்களில் பெரும்பாலோர் ஜெர்மன் பேசியவர்கள். அவர்கள் உதவி கேட்டுப் போனது போலந்து அரசர் நான்காம் காசிமிரிடம்! 13 வருடப் போருக்குப் பிறகு டான்சிக் போலந்து மகுடத்தின் கீழ் வந்தது. தன் மொழி, சட்டம், கப்பல் வணிகம் எதையும் விடாமல் 1793 வரை அப்படியே இருந்தது. இதை எந்தக் கணக்கில் இனப்பகை என்று எழுதுவது?

1772, 1793, 1795 என மூன்று தவணையில் பிரஷ்யாவும் ரஷ்யாவும் ஆஸ்திரியாவும் போலந்தைப் பங்குபோட்டுக்கொண்டன. நாடே வரைபடத்திலிருந்து போய்விட்டது. போஸ்னான் பகுதி பிரஷ்யாவுக்குப் போனது. அங்கேயும் முதலில் ஓரளவு விட்டுப்பிடித்தார்கள். 1871-ல் பிரஷ்யாவின் தலைமையில் ஜெர்மனி ஒரே பேரரசாக ஆன பிறகு அதன் பிரதமர் பிஸ்மார்க் பிடியை இறுக்கினார். 1885-ல் ரஷ்ய, ஆஸ்திரியக் குடியுரிமை வைத்திருந்த போலந்துக்காரர்களும் யூதர்களுமாக சுமார் 30,000 பேரைப் பிரஷ்யாவிலிருந்து வெளியேற்றினார்கள். அடுத்த வருடமே 10 கோடி மார்க் முதலீட்டில் ஒரு குடியேற்ற ஆணையம் வந்தது. போலந்துக்காரர்களின் நிலத்தை வாங்கி ஜெர்மன் விவசாயிகளைக் குடிவைப்பதுதான் அதன் வேலை.

சட்டம் எப்படி வீட்டுக்குள் நுழையும் என்பதற்கு போஸ்னான் பகுதியிலிருந்த வ்ஜெஷ்னியா என்ற சின்ன ஊரைச் சொல்லலாம். பள்ளியில் மற்ற பாடங்கள் ஏற்கெனவே ஜெர்மனுக்கு மாறிவிட்டன. மிச்சமிருந்தது மதபோதனை. அதையும் 1901-ல் ஜெர்மனில் நடத்த ஆரம்பித்தார்கள். பிள்ளைகள் ஜெர்மனில் பதில் சொல்ல மறுத்தார்கள். மே 20 அன்று அவர்களைப் பிரம்பால் அடித்தார்கள். அழுகைச் சத்தம் கேட்டுப் பெற்றோர்கள் பள்ளி முன்னால் கூடினார்கள். விளைவு, வழக்கு பெற்றோர்கள் மேல் பாய்ந்தது, சிறைத்தண்டனையும் கிடைத்தது. வீட்டில் அம்மா சொல்லிக்கொடுத்த ஜெபத்தை வேறு மொழியில் சொல்லச் சொல்லி அடி வாங்கிய பிள்ளை, வளர்ந்த பிறகு அதை மறக்குமா? ஐந்து வருடம் கழித்து அதே காரணத்துக்காகப் பெரிய அளவில் பள்ளி வேலைநிறுத்தமே நடந்தது.

நிலத்திலும் இதே கதைதான். 1904-ல் வந்த சட்டப்படி புது வீடு கட்ட அதிகாரிகளின் சம்மதம் வேண்டும். மிஹாவ் ட்ஜிமாவா என்ற விவசாயி சொந்தமாக நிலம் வாங்கியும் வீடு கட்ட அனுமதி கிடைக்கவில்லை. ஒரு சர்க்கஸ் வண்டியை வாங்கி நிலத்தில் நிறுத்தி அதிலேயே குடியிருந்தார். அதற்கும் வழக்கு, அபராதம். ஊர் உலகமெல்லாம் செய்தி பரவி, மக்கள் காசு சேர்த்துப் புது வண்டியே வாங்கிக் கொடுத்தார்கள். இத்தனை கெடுபிடிக்கும் பலன் என்ன? போலந்துக்காரர்கள் கூட்டுறவு வங்கிகள் தொடங்கி, விற்பனைக்கு வந்த நிலத்தைத் தாங்களே வாங்கினார்கள். நில விலை எகிறியது. நல்ல விலைக்கு விற்றுவிட்டு மேற்கே போன ஜெர்மன் பண்ணையார்களும் உண்டு. கட்டாயக் கையகப்படுத்தும் சட்டம் 1908-ல் வந்தும், அதை நான்கு பண்ணைகள் மேல்தான் பயன்படுத்த முடிந்தது. இரண்டு பக்கமும் தனித்தனி வங்கி, தனித்தனிச் சங்கம், தனித்தனிக் கடை என்று பிரிந்ததுதான் மிச்சம்.

முதல் உலகப்போர் முடிந்து போலந்து மறுபடி நாடானதும் "எந்தப் பக்கம்?" என்ற அதே கேள்வி வாக்குச்சீட்டாக வந்தது. கிழக்கு பிரஷ்யாவின் தெற்கில் போலிஷ் வட்டார வழக்கு பேசிய மசூரியர்கள் பெரும்பாலும் புராட்டஸ்டண்டுகள். அவர்களுடைய பகுதியில் 1920-ல் நடந்த வாக்கெடுப்பில் 97 சதவீதத்துக்கு மேல் ஜெர்மனி பக்கம் விழுந்தது. போலிஷ் பேசினால் போலந்துக்காரர் என்ற கணக்கு அங்கே பலிக்கவில்லை.

மேல் சைலீசியாவில் வாக்கெடுப்பு 1921 மார்ச் 20 அன்று. அதற்கு முன்பே இரண்டு ஆயுதக் கிளர்ச்சிகள் நடந்து முடிந்திருந்தன. போலந்து தரப்பின் தலைவர் வோய்ச்செக் கொர்ஃபான்டி, போருக்கு முன் ஜெர்மன் நாடாளுமன்றத்தில் உறுப்பினராக இருந்தவர். போலந்துக்கு வாக்களித்தால் ஆளுக்கொரு பசு என்று ஊரெல்லாம் பேச்சு. "கொர்ஃபான்டி பசு" என்று எதிர்த்தரப்பு பரிகாசம் செய்தது. அங்கே பிறந்து வேறு ஊரில் வசித்தவர்களும் ரயில் ரயிலாக வந்து வாக்களித்தார்கள். முடிவு: ஜெர்மனிக்கு 59.6 சதவீதம், போலந்துக்கு 40.4. ஆனால் நகரம் ஒரு பக்கம், அதைச் சுற்றியுள்ள கிராமம் மறுபக்கம் என்று கலந்து கிடந்தால் கோடு எங்கே போடுவது? மே மாதம் மூன்றாவது கிளர்ச்சி வெடித்தது. அண்ணன் ஒரு பக்கமும் தம்பி மறுபக்கமும் துப்பாக்கி தூக்கிய குடும்பங்கள் இருந்தன. என்னோடு வேலை பார்த்த ஒருவரின் கொள்ளுத்தாத்தாவும் அவர் தம்பியும் அப்படித்தான். கடைசியில் ஐ.நா.வுக்கு முன்னோடியான சர்வதேச சங்கம் பகுதியைப் பிரித்தது. காட்டோவிட்செயும் பெரும்பாலான சுரங்கங்களும் போலந்துக்கு. பக்கத்திலேயே இருக்கிற பிட்டோம் ஜெர்மனிக்கு.

இந்தக் கோட்டால் என்ன ஆகும் என்பதற்கு எர்ன்ஸ்ட் வில்லிமோவ்ஸ்கி ஒருவர் போதும். 1916-ல் காட்டோவிட்செயில் பிறந்த கால்பந்து வீரர். 1938 உலகக்கோப்பையில் பிரேசிலுக்கு எதிராகப் போலந்துக்கு 4 கோல் அடித்தார் (போலந்து 5–6 எனத் தோற்றது). நாஜிகள் ஊரைப் பிடித்த பிறகு ஜெர்மனிக்காக ஆடினார். போருக்குப் பின் போலந்தில் அவர் பெயர் துரோகி. 1997-ல் கார்ல்ஸ்ரூவில் இறந்தார்.

1939-ல் நடந்ததை இரு தரப்புத் தகராறு என்று சொல்லக் கூடாது. அது நாஜி ஜெர்மனியின் படையெடுப்பு, கொலை. ஆனால் அரசாங்கம்தான் காரணம் என்ற என் வாதத்துக்குக் கடினமான இடமும் இதுதான். டான்சிக்கைச் சுற்றிய பகுதியில் ஆசிரியர்களையும் பாதிரியார்களையும் சுட்டுக் கொன்றவர்களோடு, உள்ளூர் ஜெர்மானியர்களின் ஆயுதக்குழுவும் இருந்தது. யாரைக் கொல்வது என்று அடையாளம் காட்டியவர்களில் தெரிந்த முகங்கள் இருந்தன. அதுவரை விதைத்தது முளைத்திருந்தது என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன். அந்த மனிதர்களின் குற்றம் இதனால் ஒரு துளியும் குறையாது.

அப்புறம் வந்தது ஜெர்மன் மக்கள் பட்டியல். யார் எவ்வளவு ஜெர்மானியர் என்று எல்லைவாசிகளை நான்கு வகையாகப் பிரித்துப் பதிந்தார்கள். மேல் சைலீசியாவிலும் டான்சிக் பக்கத்திலும் கட்டாயமாகவே லட்சக்கணக்கானோரைச் சேர்த்தார்கள். ஆண்களை ஜெர்மன் ராணுவத்துக்கு இழுத்தார்கள். போலந்து அரசியல்வாதியும் பிரதமருமான டொனால்ட் டுஸ்கின் தாத்தா யூசஃப் டுஸ்க், டான்சிக்கில் போலந்து ரயில்வேயில் வேலை பார்த்தவர். வதைமுகாமில் அடைத்துவைத்து, பிறகு 1944-ல் அதே மனிதரை ஜெர்மன் ராணுவத்தில் சேர்த்தார்கள். சில மாதத்தில் அவர் மேற்கிலிருந்த போலந்துப் படைக்குப் போய்விட்டார். 2005 அதிபர் தேர்தலில் எதிரணி, "இவர் தாத்தா ஜெர்மன் ராணுவத்தில் இருந்தவர்" என்று பேரன் மேல் வீசியது. அந்தத் தேர்தலில் டுஸ்க் தோற்றார். வதைமுகாமில் கிடந்த மனிதரை இப்படிப் பயன்படுத்தியதை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறவில்லை.

1945-ல் எல்லை மேற்கே ஓடர்–நைஸ் ஆறுகளுக்கு நகர்ந்தது. லட்சக்கணக்கான ஜெர்மானியர்கள் துரத்தப்பட்டார்கள். பிரெஸ்லாவ் நகரம் விராட்ஸ்வாவ் ஆனது. அங்கே குடியேறியவர்களில் பலர் ல்வூவ் (இன்றைய உக்ரைனின் லிவிவ்) பக்கம் சோவியத்திடம் ஊரை இழந்து வந்த போலந்துக்காரர்கள். அவர்களும் வீடு பறிபோனவர்கள்தான். மேல் சைலீசியாவில் மறுபடி பரிசோதனை: நீ போலந்துக்காரன்தானா என்று நிரூபிக்க வேண்டும். ஜெர்மன் பேசத் தடை. கல்லறைக் கல்லில் இருந்த ஜெர்மன் எழுத்தைக்கூடச் செதுக்கி எடுத்தார்கள். தங்கிவிட்டவர்களில் நிறையப் பேர் பின்னாளில் மேற்கு ஜெர்மனிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். ஓபோலேயில் பிறந்த குளோசாவும் கிளிவிட்செயில் பிறந்த பொடோல்ஸ்கியும் ஜெர்மனிக்குக் கால்பந்து ஆடியது இப்படித்தான். 2008 யூரோவில் போலந்துக்கு எதிராக இரண்டு கோலையும் அடித்துவிட்டு பொடோல்ஸ்கி கொண்டாடாமல் நின்றதைப் பார்த்திருப்பீர்கள்.

சரி, பகை எப்போது தணிய ஆரம்பித்தது? 1965-ல் போலந்து ஆயர்கள் ஜெர்மன் ஆயர்களுக்கு "மன்னிக்கிறோம், மன்னிப்பும் கேட்கிறோம்" என்று கடிதம் எழுதினார்கள். அதில் முக்கியப் பங்கு ஆயர் பொலெஸ்வாவ் கொமினெக்குடையது, அவரே சைலீசியாக்காரர். கம்யூனிஸ்ட் அரசு அவர்களைத் துரோகிகளைப் போலச் சாடியது. போர் முடிந்து 20 வருடமே ஆகியிருந்த காலத்தில், பாதிக்கப்பட்டவர்கள் பக்கத்திலிருந்து முதலில் இப்படி எழுத எத்தனை நெஞ்சுரம் வேண்டும்! மேற்கு ஜெர்மனியின் பிரதமர் வில்லி பிராண்ட் வார்சாவில் மண்டியிட்டது அதற்கு ஐந்து வருடம் கழித்து. 1990-ல் எல்லை ஒப்பந்தம், 1991-ல் நல்லுறவு ஒப்பந்தம் கையெழுத்தாயின.

இன்றைக்கு ஓபோலே பக்கம் சில கிராமங்களில் ஊர்ப்பலகை இரண்டு மொழியில் இருக்கும். மேலே போலிஷ், கீழே ஜெர்மன். நான் பார்த்த ஒன்றில் கீழ்வரியில் மட்டும் கறுப்பு ஸ்ப்ரே அடித்திருந்தார்கள். 2022-ல் ஜெர்மன் சிறுபான்மைப் பிள்ளைகளின் தாய்மொழி வகுப்பை வாரம் மூன்று மணி நேரத்திலிருந்து ஒன்றாகப் போலந்து அரசு குறைத்தது, பெர்லினுடனான அரசியல் கோபத்தில். இரண்டு வருடம் கழித்து, ஆட்சி மாறிய பிறகு, அந்த மூன்று மணி நேரம் திரும்பக் கிடைத்தது.