பல் காளான் பையில் மொட்டு வராதது ஏன்?

கேள்வி: ஐயா, காட்டில் கிடைக்கும் பல் காளானின் வித்து என்று சொல்லி விற்றதை வாங்கி, 60 மரத்தூள் பைகளில் போட்டேன். வித்து இருந்த தானியம் இரண்டே வாரத்தில் பூஞ்சை படர்ந்து வெளுத்தது. நான்கு மாதமாகியும் ஒரு மொட்டுகூட இல்லை, பாதிப் பைகளில் பச்சைப் பூஞ்சாணம். விற்றவர் பொறுக்கச் சொல்கிறார். கார்பன்டாசிம் பூஞ்சைக்கொல்லி எவ்வளவு தெளிக்கலாம்?

பதில்: தெளிக்கவே வேண்டாம். பச்சை படர்ந்த பைகளை அறைக்குள் பிரிக்காமல், கட்டியபடியே வெளியே கொண்டுபோய்ப் புதையுங்கள். பிரித்தால் அந்தப் பச்சைத்தூள் மீதிப் பைகளுக்கும் பறக்கும். கேட்டதற்குப் பதில் அவ்வளவுதான்.

நீங்கள் கேட்டிருக்க வேண்டியது, இந்தக் காளான் எதைத் தின்கிறது என்பதை. பல் காளான், அதாவது ஹிட்னம் ரெபாண்டம், ஓக், பீச், பைன் கலந்த காடுகளில் முளைப்பது. குடைக்கு அடியில் மடிப்பு இருக்காது. வெளிர்நிற முட்கள் தொங்கும், விரலால் தேய்த்தாலே உதிரும். மரத்தூளை மக்கவைத்துப் பிழைக்கிற ஜாதி இல்லை அது. வேம் (VAM) என்கிற வேர்ப்பூஞ்சை உரம் தெரியுமல்லவா, அதுபோல உயிருள்ள வேரோடு கூட்டு. வேம் வேர்ச்செல்லுக்குள் நுழையும். இது வேர்நுனிக்கு மேல் உறைபோலப் போர்த்திக்கொண்டு, மரம் தரும் சர்க்கரையில் வாழும். மரமே இல்லாத பையில் அதற்கு யார் சோறு போடுவது?

வேர்க்கூட்டுப் பூஞ்சைகள் ஆய்வகத் தட்டிலேயே நத்தை வேகத்தில்தான் வளரும். இரண்டு வாரத்தில் வெளுத்த தானியத்தில் இருந்தது வேறு ஏதோ. விற்றவர் தெரியாமல் விற்றாரா, தெரிந்தே விற்றாரா என்பது எனக்கு முக்கியமில்லை, இரண்டும் ஏமாற்றுதான். நானும் ஒருமுறை பாக்கெட் படத்தை நம்பிப் பணத்தை விட்டவன். அதிலிருந்து வித்து விற்பவர்களிடம் நான் விலையைக் கேட்பதே இல்லை. முழு அறிவியல் பெயர், எந்தப் பொருளில் வளர்த்தீர்கள், அந்தத் தாய் வித்தில் நீங்களே அறுவடை செய்தீர்களா, இந்த மூன்றையும்தான் கேட்பேன். மூன்றாவது கேள்விக்குத் திணறினால் எழுந்து வந்துவிடுவேன்.

சரி, முள் தொங்கும் காளான்தான் வேண்டுமென்றால் ஹெரிசியம் எரினேசியஸ், சிங்கப்பிடரிக் காளான் இருக்கிறது. இது மரம் தின்னி, இலையகல மரங்களின் தூளில் வரும். காற்றோட்டம் குறைந்தால் முள் விடாமல் பவளம்போல் கிளைத்துவிடும். அதைச் சத்துக்குறை என்று நினைத்து டானிக் வாங்காதீர்கள். காளான் மேல் நேராகத் தண்ணீர் அடித்தால் பழுப்பாகும். முள் ஒரு செ.மீ. நீண்டதும், மஞ்சள் தட்டும் முன் அறுத்துவிடுங்கள்.

முதலில் நன்றாகக் கிருமி நீக்கிய 10 பை போதும். 60 வேண்டாம்.