விண்டோஸோடு ஒட்டிக்கொண்டு வரும் கேம் சமாச்சாரங்கள்: எதை எடுக்கலாம், எதைத் தொடக்கூடாது (கேள்வி பதில்)

போன வாரம் கேள்விகளை அனுப்பச் சொல்லியிருந்தேன், நிறைய வந்துவிட்டன. விண்டோஸ் 10, 11 இரண்டைப் பற்றி மட்டும் பதில் சொல்கிறேன், ஏனென்றால் இருபது வருடமாக நான் பழுது பார்த்துவருவது விண்டோஸைத்தான். தொடங்கும் முன் ஒன்று. அணைப்பது வேறு, பிடுங்கி எறிவது வேறு. இன்று பல பதில்களில் இதையே திரும்பச் சொல்ல வேண்டியிருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: சார், நான் கணக்கு எழுதும் வேலை பார்க்கிறேன். கேமே விளையாடுவதில்லை. விண்டோஸ் கீயோடு ஜி பட்டுவிட்டால் திரை முழுக்க ஏதோ வந்து நிற்கிறது. ஸ்டார்ட் மெனுவில் சாலிட்டர், எக்ஸ்பாக்ஸ் எல்லாம் இருக்கிறது. எல்லாவற்றையும் ஒரே அடியில் நீக்க முடியுமா?

ஒரே அடியில் வேண்டாம். பார்க்க எல்லாம் ஒரே குப்பை மாதிரி தெரிந்தாலும் உள்ளே அவை வேறு வேறு.

சாலிட்டர் கலெக்‌ஷன், எக்ஸ்பாக்ஸ் செயலி, கேண்டி கிரஷ் மாதிரியானவை சாதாரணச் செயலிகள். ஸ்டார்ட் மெனுவில் வலது கிளிக், அன்இன்ஸ்டால், அவ்வளவுதான். சில ஐகான்கள் வெறும் குறுக்குவழியாகத்தான் இருக்கும், தட்டினால்தான் செயலியே இறங்கும், அவற்றை அன்பின் செய்தாலே போதும். இவை போவதால் விண்டோஸுக்கு எந்தக் கெடுதலும் இல்லை, தயங்காமல் எடுங்கள்.

உங்கள் திரையில் வந்து நிற்பது எக்ஸ்பாக்ஸ் கேம் பார், கேம் ஆடும்போது திரையைப் பதிவு செய்ய உதவும் செயலி. 2015-இல் விண்டோஸ் 10 வந்தபோதே கூட வந்தது, 2019-இல் இப்போதைய வடிவத்துக்கு மாறியது. விண்டோஸ் 11-இல் இதற்கு அன்இன்ஸ்டால் பொத்தானே கொடுக்கவில்லை. அதனால்தான் எல்லோரும் பவர்ஷெல்லை (கட்டளை எழுதி விண்டோஸை இயக்கும் கருவி) தேடிப் போகிறார்கள், சிக்கலும் அங்கேதான் ஆரம்பிக்கிறது. நீங்கள் அந்தப் பக்கமே போக வேண்டாம். செட்டிங்ஸ், ஆப்ஸ், இன்ஸ்டால்டு ஆப்ஸ் பட்டியலில் கேம் பாரைக் கண்டுபிடித்து, மூன்று புள்ளியைத் தட்டி, அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ் போங்கள். பின்னணியில் ஓடும் அனுமதியை 'நெவர்' ஆக்கிவிட்டு, அதே பக்கத்தில் டெர்மினேட்டையும் அழுத்துங்கள். அப்புறம் செட்டிங்ஸில் கேமிங் பகுதிக்குப் போய் கேம் பாரில் கன்ட்ரோலர் பொத்தானுக்கான சுவிட்சையும், கேப்சர்ஸ் பக்கத்தில் 'ரெக்கார்ட் வாட் ஹேப்பண்ட்' என்பதையும் அணைத்துவிடுங்கள். விண்டோஸ் 10-இல் வேலை இன்னும் சுலபம், கேமிங் பகுதியில் கேம் பாருக்கே ஒரு சுவிட்ச் இருக்கிறது.

கேள்வி: அண்ணா, ஒரு வீடியோவைப் பார்த்து பவர்ஷெல்லில் கேம் பாரை நீக்கிவிட்டேன். இப்போது எந்த கேமைத் திறந்தாலும் 'எம்எஸ்-கேமிங்ஓவர்லே இணைப்பைத் திறக்க புதிய செயலி தேவை' என்று ஒரு பெட்டி வருகிறது. மூடினால் திரும்ப வருகிறது.

இன்று வந்ததில் பதினோரு கேள்வி இதேதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

நீங்கள் நீக்கியது கேம் பார் என்ற செயலியை மட்டும்தான். கேம் திறக்கிறதா என்று கவனித்து கேம் பாரைக் கூப்பிடுகிற வேலை விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது, அது போகவில்லை. அது வழக்கம்போல 'எம்எஸ்-கேமிங்ஓவர்லே' என்ற பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறது. அந்தப் பெயருக்குப் பதில் சொல்ல ஆள் இல்லாததால், இதைத் திறக்க ஒரு செயலி வேண்டும், ஸ்டோரில் தேடவா என்று விண்டோஸ் உங்களைக் கேட்கிறது. வீட்டில் ஆள் இல்லை, அழைப்பு மணி மட்டும் வேலை செய்கிறது.

வழி இரண்டு. ஸ்டோரில் 'எக்ஸ்பாக்ஸ் கேம் பார்' என்று தேடித் திரும்பப் போட்டுவிட்டு, முதல் பதிலில் சொன்னபடி அணைப்பது ஒன்று. நான் சொல்வது இதைத்தான். திரும்பப் போட மனமில்லை என்றால் கூப்பிடுவதை நிறுத்த வேண்டும். ரெஜிஸ்ட்ரி எடிட்டரில் (விண்டோஸின் உள் அமைப்புகளை மாற்றும் கருவி) கரன்ட் யூசர் கிளைக்குள் சிஸ்டம், அதற்குள் கேம்கான்ஃபிக்ஸ்டோர். அங்கே 'கேம்டிவிஆர் எனேபிள்டு' என்பதை 0 ஆக்குங்கள். அதே கரன்ட் யூசரில் சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ், கரன்ட்வெர்ஷன், கேம்டிவிஆர் என்று போய் 'ஆப்கேப்சர் எனேபிள்டு' என்பதையும் 0 ஆக்கிவிட்டு ரீஸ்டார்ட் செய்யுங்கள். பெரும்பாலும் பெட்டி வருவது நின்றுவிடும். தொடுவதற்கு முன் அந்தக் கிளைகளை எக்ஸ்போர்ட் செய்து வைத்துக்கொள்ளுங்கள்.

பவர்ஷெல் கட்டளையை ஏன் எழுதித் தரவில்லை என்று பலர் கேட்டிருக்கிறீர்கள். வேண்டுமென்றேதான் தரவில்லை. 'எக்ஸ்பாக்ஸ்' என்ற சொல்லுக்கு இரண்டு பக்கமும் நட்சத்திரக் குறி போட்டு, அதாவது பெயரில் அந்தச் சொல் வரும் எல்லாவற்றையும், நீக்கச் சொல்லும் ஒரு கட்டளை எல்லா இடத்திலும் சுற்றுகிறது. அது எக்ஸ்பாக்ஸ் ஐடென்டிட்டி புரொவைடரையும் சேர்த்துத் தூக்கிவிடும். அதுதான் மைக்ரோசாஃப்ட் கணக்கு வழியாக கேமுக்குள் நுழையவிடும் வாயில்காப்பான், அது போனால் ஸ்டோரில் வாங்கிய மைன்கிராஃப்ட், ஃபோர்ஸா மாதிரியானவற்றில் உள்நுழைய முடியாது. இன்னும் மோசம், பெயரே குறிப்பிடாமல் எல்லாப் பேக்கேஜையும் (செயலித் தொகுப்பையும்) நீக்கச் சொல்லும் வரி. அதில் கால்குலேட்டர், ஃபோட்டோஸ், ஸ்டோர் எல்லாமே போய்விடும்.

கேள்வி: கேம் பார் நம் திரையை எப்போதும் பதிவு செய்துகொண்டே இருக்கிறதா? பயமாக இருக்கிறது.

இல்லை. பின்னணிப் பதிவு அணைந்த நிலையில்தான் வருகிறது, நீங்களோ வேறு யாரோ போட்டிருந்தால்தான் ஓடும். சந்தேகமாக இருந்தால் வீடியோஸ் கோப்புறையில் கேப்சர்ஸ் என்று இருக்கிறதா, அதற்குள் ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். டெஸ்க்டாப்பையும் ஃபைல் எக்ஸ்புளோரரையும் கேம் பாரால் பதிவு செய்யவே முடியாது.

கேள்வி: இதையெல்லாம் நீக்கினால் எஃப்பிஎஸ் (கேம் வினாடிக்கு எத்தனை படம் காட்டுகிறது என்ற கணக்கு) எவ்வளவு கூடும்?

பின்னணிப் பதிவு ஓடிக்கொண்டிருந்து அதை அணைத்தால் வித்தியாசம் தெரியும். சும்மா கிடக்கும் கேம் பாரை நீக்கினால் தெரியாது.

கேள்வி: என் லேப்டாப்பில் 8 ஜிபி ரேம்தான். சர்வீசஸ் (பின்னணியில் ஓடும் நிரல்கள்) பட்டியலில் எக்ஸ்பாக்ஸ் பெயரில் நான்கு இருக்கின்றன. ரேமைத் தின்கின்றனவே, டிசேபிள் செய்யலாமா?

பட்டியலில் பெயர் இருப்பதும் ஓடுவதும் ஒன்றல்ல. ஆக்சஸரி மேனேஜ்மென்ட், ஆத் மேனேஜர், கேம் சேவ், நெட்வொர்க்கிங் என்ற அந்த நான்கும் 'மேனுவல்' நிலையில் இருக்கும், யாராவது கூப்பிட்டால்தான் எழும். ஸ்டேட்டஸ் பத்தியைப் பாருங்கள், காலியாக இருந்தால் அது எதையும் தின்னவில்லை. உங்கள் ரேம் எங்கே போகிறது என்று டாஸ்க் மேனேஜரில் மெமரி பத்தியை வரிசைப்படுத்திப் பாருங்கள், பிரவுசர்தான் முதலில் நிற்கும்.

கேள்வி: கேம் பாரை நீக்கினேன், எம்எஸ்-கேமிங்ஓவர்லே என்று வருகிறது, என்ன செய்வது?

இரண்டாவது கேள்விக்கான பதிலைப் பாருங்கள்.

கேள்வி: மேக்கில் செஸ் இருக்கிறதே, அதை எப்படி நீக்குவது?

மேக் எனக்குத் தெரியாது. மேக் பழுது பார்ப்பவரிடம் கேளுங்கள்.

கேள்வி: பேசாமல் லினக்ஸுக்கு மாறுங்கள் என்று சொல்லுங்களேன்.

மாறுபவர்கள் தாராளமாக மாறட்டும். ஆனால் இந்த விஷயத்தில் அங்கேயும் கண்ணை மூடிக்கொண்டு நீக்கக்கூடாது. டெபியன் என்ற லினக்ஸ் வகையில் க்னோம் என்ற டெஸ்க்டாப்போடு வந்த ஒரு சின்ன கேமை நீக்கப் போனால் 'க்னோம்' என்ற தொகுப்புப் பெயரும் சேர்ந்து போகலாம், அதன்பின் ஆட்டோரிமூவ் (தேவையில்லாதவற்றைத் தானாக நீக்கும் கட்டளை) கொடுத்தால் டெஸ்க்டாப்பின் பாதி போகலாம். நீக்கப்போகும் பட்டியலை முழுதாகப் படித்துவிட்டு 'ஒய்' அடியுங்கள்.

கேள்வி: நீங்கள் மைக்ரோசாஃப்டுக்குப் பரிந்து பேசுகிறீர்கள். என் காசில் வாங்கிய கணினி. எனக்கு வேண்டாத ஒரு செயலியை நீக்காதே என்று சொல்ல நீங்கள் யார்? ஸ்டோர் கேமோ கேம் பாஸோ (மைக்ரோசாஃப்டின் சந்தா கேம் சேவை) நான் தொடுவதில்லை. இரண்டு வருடத்துக்கு முன்பே எல்லாவற்றையும் வேரோடு நீக்கிவிட்டேன், ஒரு தொல்லையும் இல்லை.

இந்தக் கேள்விக்கு அடியில் இன்னும் ஏழெட்டுப் பேர் சேர்ந்துகொண்டிருக்கிறீர்கள். மற்ற கேள்விகள் காத்திருக்கட்டும், இதற்கு முழுதாகப் பதில் சொல்லிவிடுகிறேன்.

உரிமை பற்றி நீங்கள் சொல்வதில் எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. சொல்லப்போனால் உங்களைவிட எனக்குக் கோபம் அதிகம், ஏனென்றால் ஒரு காலத்தில் இது ஒழுங்காகத்தான் இருந்தது. விண்டோஸ் எக்ஸ்பியில் கன்ட்ரோல் பேனலுக்குப் போய் விண்டோஸ் காம்பொனன்ட்ஸ் பட்டியலைத் திறந்து கேம்ஸ் என்பதில் டிக்கை எடுத்தால் சாலிட்டர், மைன்ஸ்வீப்பர், பின்பால் எல்லாம் போய்விடும். வேண்டுமென்றால் டிக் போட்டால் திரும்ப வரும். விண்டோஸ் 7-இலும் அப்படித்தான், ஒவ்வொரு கேமுக்கும் தனித்தனி டிக். எத்தனையோ அலுவலகக் கணினிகளில் நானே எடுத்துக் கொடுத்திருக்கிறேன், அதனால் ஒன்றுகூடக் கெட்டதில்லை. 2012-இல் விண்டோஸ் 8 வந்தபோது அந்தப் பெட்டியே போய்விட்டது. 1990-இலிருந்து விளம்பரமே இல்லாமல் இருந்த சாலிட்டர் ஸ்டோர் செயலியாக மாறி, விளம்பரம் வேண்டாமென்றால் சந்தா கட்டு என்கிற நிலைக்கு வந்தது. அந்த டிக் பெட்டியை எடுத்தது தவறு. கேம் பாருக்கு அன்இன்ஸ்டால் பொத்தான் கொடுக்காததும் தவறு. இரண்டையும் எங்கே வேண்டுமானாலும் சொல்வேன்.

ஆனால் உரிமை இருப்பதும் நீக்கினால் நல்லது என்பதும் வேறு வேறு. உங்களுக்குத் தொல்லை வராததற்குக் காரணம் நீங்கள் ஸ்டோர் கேமோ கேம் பாஸோ தொடுவதில்லை என்பதுதான், உங்கள் கேள்வியிலேயே அதை எழுதியிருக்கிறீர்கள். அடுத்த வீட்டுக்காரருக்கு அப்படி இருக்காது. உங்களுக்கு மறுப்பாக அதே இடத்தில் ஒருவர் எழுதியதையே எடுத்துக்கொள்ளுங்கள். ஏஎம்டி ரைசன் 9 7950எக்ஸ்3டி பிராசஸர் வாங்கியிருக்கிறார், கேம் பாரைப் பிடுங்கியதும் சில கேம்கள் முன்பைவிட மந்தமாகிவிட்டன. ஏன் என்று அவருக்குப் புரியவில்லை. காரணம் இதுதான். அந்தச் சிப்பில் எட்டு எட்டாக இரண்டு கூட்டம், மொத்தம் பதினாறு கோர்கள் (கணக்கிடும் பகுதிகள்), கூடுதல் கேஷ் (சிப்புக்குள்ளேயே இருக்கும் வேகமான நினைவகம்) ஒரு கூட்டத்துக்கு மட்டும்தான் இருக்கிறது. கேம் ஓடும்போது கூடுதல் கேஷ் இல்லாத கூட்டத்தைத் தூங்கவைத்து, அது உள்ள கூட்டத்தில் கேமை ஓட்ட வேண்டும். இப்போது முன்னால் இருப்பது கேம்தானா என்று ஏஎம்டி டிரைவர் தெரிந்துகொள்வது கேம் பார் வழியாகத்தான். கேம் பாரை எடுத்தால் அந்தத் தகவல் போகாது, கேம் தப்பான கோர்களில் போய் உட்காரும். 7900எக்ஸ்3டி, 9900எக்ஸ்3டி, 9950எக்ஸ்3டி வைத்திருப்பவர்களுக்கும் இதேதான். கேம் பாரையும் கேம் மோடையும் அப்படியே விடுங்கள். 7800எக்ஸ்3டி, 9800எக்ஸ்3டி இரண்டிலும் ஒரே கூட்டம்தான் என்பதால் இந்தப் பிரச்சினை இல்லை.

என் உறவுக்காரப் பையன் ஒருவன் பழைய லேப்டாப் வாங்கினான். விற்ற கடைக்காரர் 'லைட் விண்டோஸ்' என்று யாரோ வெட்டி ஒட்டிய ஐஎஸ்ஓவை (விண்டோஸ் நிறுவும் கோப்பை) போட்டுக் கொடுத்திருந்தார். ஸ்டோர் இல்லை, மைன்கிராஃப்டில் உள்நுழைய முடியவில்லை, அப்டேட்டும் நின்றுபோயிருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து பார்த்துவிட்டு, கடைசியில் எல்லாவற்றையும் அழித்து அசல் விண்டோஸைத்தான் போட்டேன். பையன் பாவம், பள்ளி வேலையை அதில்தான் சேமித்திருந்தான், ஒரு பென் டிரைவில் எடுத்து வைத்ததால் தப்பியது. யாரோ தயார் செய்த ஐஎஸ்ஓ, யாரோ எழுதிய ஸ்கிரிப்ட், உள்ளே என்ன இருக்கிறதென்று படிக்காமல் அட்மின் அனுமதியோடு ஓட்டாதீர்கள். கை கூப்பிக் கேட்கிறேன்.

கேள்வி: அப்படியானால் கேம் மோடையும் அணைக்கக் கூடாதா?

அது 2017-இல் வந்த ஒரு சாதாரண சுவிட்ச். கேம் ஓடும்போது டிரைவர் நிறுவுவதையும் ரீஸ்டார்ட் அறிவிப்பையும் தள்ளிப்போடும். கேம் விளையாடாதவர் கணினியில் அது ஒன்றும் செய்யாது. இருந்துவிட்டுப் போகட்டும்.

கேள்வி: சாலிட்டரை நீக்கினேன், பெரிய அப்டேட் ஒன்று வந்தபின் பார்த்தால் திரும்ப இருக்கிறது.

நீங்கள் உங்கள் கணக்குக்கு மட்டும் நீக்கியிருப்பீர்கள். விண்டோஸுக்குள் மூலப் பிரதி ஒன்று தனியாக இருக்கிறது, புதிதாக ஒரு யூசர் கணக்கு உருவாக்கும்போது அதிலிருந்து எடுத்துப் போடப்படும், சில சமயம் பெரிய அப்டேட்டுக்குப் பிறகும் திரும்ப வரலாம். 'புரொவிஷன்டு பேக்கேஜ்' என்பது அதுதான். அதையும் நீக்க வழி இருக்கிறது, ஆனால் ஒரே ஆள் பயன்படுத்தும் வீட்டுக் கணினிக்கு அந்தச் சிரமம் தேவையில்லை. திரும்ப வந்தால் திரும்ப நீக்குங்கள், பத்து வினாடி வேலை.

கேள்வி: எம்எஸ்-கேமிங்ஓவர்லே...

இரண்டாவது பதில். தயவுசெய்து மேலே படித்துவிட்டுக் கேளுங்கள்.

கேள்வி: ஐயா, நான் பள்ளியில் கணினி ஆசிரியை. ஆய்வகத்தில் நாற்பது கணினிகள், எல்லாம் விண்டோஸ் 11. பிள்ளைகள் சாலிட்டரிலேயே உட்கார்ந்துவிடுகிறார்கள். ஒவ்வொன்றாக நீக்க நேரமில்லை.

டீச்சர், உங்களுக்குத்தான் மூலப் பிரதி விஷயம் உண்மையிலேயே தேவைப்படும். ஆய்வகத்தில் இருப்பது எஜுகேஷன் அல்லது என்டர்பிரைஸ் பதிப்பாக இருந்து, விண்டோஸ் 11-இன் 25ஹெச்2 வெர்ஷனுக்கு மேம்படுத்தியும் இருந்தால் நல்ல வழி ஒன்று வந்திருக்கிறது. குரூப் பாலிசியில் (அட்மின் விண்டோஸுக்கு விதி போடும் இடம்) விண்டோஸ் காம்பொனன்ட்ஸ், ஆப் பேக்கேஜ் டிப்ளாய்மென்ட் என்று போனால், கூடவே வரும் ஸ்டோர் செயலிகளை நீக்கும் பாலிசி இருக்கும். அதன் பட்டியலில் சாலிட்டரும் எக்ஸ்பாக்ஸ் செயலியும் இருக்கின்றன, டிக் போட்டு எடுக்கலாம். எக்ஸ்பியில் இருந்த பெட்டி மாதிரியே. இதை வீட்டுப் பதிப்புக்கும் கொடுத்திருந்தால் மேலே நடந்த சண்டையே வந்திருக்காது.

திரைப் பதிவைத் தடுக்க குரூப் பாலிசியில் 'விண்டோஸ் கேம் ரெக்கார்டிங் அண்ட் பிராட்காஸ்டிங்' என்று தனியாக இருக்கிறது, அதை டிசேபிள்டு ஆக்குங்கள். இது புரோ பதிப்பிலும் உண்டு.

அதே ஆசிரியை: பார்த்தேன் ஐயா, எல்லாம் புரோ என்று காட்டுகிறது.

அப்படியானால் ஒரே ஒரு கணினியில் முதலில் செய்து பாருங்கள். அட்மின் கணக்கில் இருந்துகொண்டு சாலிட்டரின் புரொவிஷன்டு பேக்கேஜை மட்டும், முழுப் பெயரைக் கொடுத்து, நட்சத்திரக் குறி போடாமல் நீக்குங்கள். அதன்பிறகு மாணவர் கணக்கைப் புதிதாக உருவாக்குங்கள், அந்தக் கணக்கில் சாலிட்டர் வராது. ஏற்கெனவே இருக்கும் மாணவர் கணக்குகளில் அது அப்படியே இருக்கும், அதனால் பழைய கணக்குகளில் பிள்ளைகளின் கோப்புகள் இருந்தால் முதலில் எடுத்து வைத்துவிட்டு அப்புறம் அழியுங்கள். அந்த ஒரு கணினி ஒரு வாரம் ஒழுங்காக ஓடினால் மீதி முப்பத்தொன்பதுக்குப் போகலாம். இடையில் எங்காவது நின்றால் திரையைப் படமெடுத்து அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன்.