குறுவட்டப் போட்டி: ஸ்பைக்ஸ் வேண்டாம், கோவாவும் வேண்டாம்

கேள்வி: என் மகள் எட்டாம் வகுப்பு. லால்குடி பக்கம் அரசு உதவி பெறும் பள்ளியில் படிக்கிறாள். அடுத்த வாரம் குறுவட்ட (ஜோனல்) தடகளப் போட்டி. 14 வயதுக்குட்பட்டோர் பிரிவில் 200 மீட்டர், நீளம் தாண்டுதல், தொடர் ஓட்டம் மூன்றுக்கும் பெயர் கொடுத்திருக்கிறார்கள். எங்கள் வீட்டில் யாரும் மைதானப் பக்கம் போனதில்லை. அன்று என்ன நடக்கும்? ஸ்பைக்ஸ் (அடியில் ஆணி வைத்த) ஷூ வாங்க வேண்டுமா? ஓட்டமும் தாண்டுதலும் ஒரே நேரத்தில் வந்துவிட்டால் என்ன செய்வது? ஊரில் பயிற்சி தரும் ஒருவர், "ஜோனல் எல்லாம் சின்ன விஷயம், பதினெட்டாயிரம் கட்டுங்கள், கோவாவில் நேஷனல் ஓட வைக்கிறேன்" என்கிறார். கட்டலாமா?

பதில்: கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். கட்டாதீர்கள். ஏன் என்பதைப் பிறகு சொல்கிறேன். இப்போது அடுத்த வாரத்துக்கு வருவோம்.

அன்றைக்கு அதிகமாக நடக்கப்போவது காத்திருப்புதான். உங்கள் மகள் ஓடுவது அரை நிமிடம், தாண்டுவது மூன்று முறை, தொடர் ஓட்டத்தில் இன்னொரு நூறு மீட்டர். மீதி ஏழெட்டு மணி நேரம் வெயிலில் உட்கார்ந்திருப்பாள். அந்த நேரத்தை எப்படிக் கழிக்கிறாள் என்பதில்தான் பாதி வெற்றி இருக்கிறது. காலையில் இட்லி மாதிரி லேசான சாப்பாடு, ஓட்டத்துக்கு இரண்டு மணி நேரம் முன்பே முடித்துவிட வேண்டும். கையில் இரண்டு வாழைப்பழம், இரண்டு பாட்டில் தண்ணீர், தொப்பி, மாற்று உடை, உட்காரத் துண்டு. எண்ணெயில் பொரித்தது எதுவும் வேண்டாம். மதியம் பிரியாணி வாங்கித் தருகிறேன் என்று யாராவது கிளம்பினால், கடைசி ஓட்டம் முடியட்டும் என்று சொல்லுங்கள்.

ஒரு சானிட்டரி நாப்கின் பையும் கட்டாயம் வைத்து அனுப்புங்கள், இன்னும் வயதுக்கு வராத பிள்ளையாக இருந்தாலும் சரி. இதை எழுதும்போதே எனக்குக் கோபம் வருகிறது. நூற்றுக்கணக்கில் பெண் பிள்ளைகள் வரும் மைதானத்தில் கழிப்பறை பூட்டிக் கிடக்கும், சாவி யாரிடம் என்று யாருக்கும் தெரியாது. நிழலுக்கு ஒரு ஷாமியானா, அதுவும் மேடைக்கு. சிறப்பு விருந்தினர் வரும்வரை அணிவகுப்பு வரிசையில் பிள்ளைகளை நிற்க வைப்பார்கள், அவர் போன பிறகு நேரமாகிவிட்டது என்று ஹீட்ஸை (தகுதிச் சுற்று ஓட்டங்களை) அவசரமாக ஓட்டுவார்கள். நான் நடுவராக நின்ற இடங்களிலெல்லாம் இதைச் சொல்லியிருக்கிறேன். பிள்ளைகளுக்காக நடக்கும் ஒரு நாளில் பிள்ளைகளின் வசதி கடைசியில் வருவதை எந்தக் காரணம் சொல்லியும் ஏற்க முடியாது. போனதும் கழிப்பறை எங்கே, திறந்திருக்கிறதா என்று நீங்களே பார்த்துவிடுங்கள். தண்ணீர் குடிக்காமல் அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்து, ஓடும்போது மயங்கி விழும் பெண் பிள்ளைகளைப் பார்த்துப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

சரி, ஓட்டம். மைக்கில் அழைப்பு வரும். முதல் அழைப்பிலேயே செஸ்ட் நம்பருடன் போய் நிற்க வேண்டும். கடைசி அழைப்புக்குப் பிறகு வந்தால் சேர்த்துக்கொள்ள மாட்டார்கள். முதலில் ஹீட்ஸ், அதிலிருந்து ஃபைனல். ஹீட்ஸில் முதல் இடம் வந்ததும் முடிந்துவிட்டது என்று நினைத்து ஷூவைக் கழற்றி வைக்கும் பிள்ளைகள் உண்டு. ஃபைனல் எத்தனை மணிக்கு என்று கேட்டுக்கொண்டுதான் அங்கிருந்து நகர வேண்டும்.

முதல்முறை பார்க்கும் பெற்றோர் பதறும் ஒரு விஷயம் இருக்கிறது. 200 மீட்டரில் எல்லோரும் ஒரே கோட்டில் நிற்க மாட்டார்கள். வெளி லேனில் (ஓடும் தடத்தில்) இருக்கும் பிள்ளை ரொம்ப முன்னால் நிற்கும். வளைவில் வெளி லேன் நீளம் அதிகம், அதை ஈடுகட்டத்தான் இந்த ஏற்பாடு. லேனின் அகலம் 1.22 மீட்டர் என்றால், ஒரு முழுச் சுற்றுக்கு லேனுக்கு லேன் ஏழரை மீட்டர் அளவுக்கு வித்தியாசம் வரும். பள்ளி மைதானத்தில் 400 மீட்டர் ட்ராக் போட இடமிருக்காது, 200 மீட்டர் ட்ராக்தான் சுண்ணாம்பில் போடுவார்கள். அப்போது 200 மீட்டர் என்பதே முழுச் சுற்று. ஆறாவது லேன் பிள்ளை முதல் லேனைவிட முப்பத்தைந்து மீட்டருக்கும் மேல் முன்னால் நிற்கும். அநியாயம் என்று கூச்சல் போடாதீர்கள். உங்கள் மகளுக்கு உள் லேன் கிடைத்தால், "எல்லோரும் எனக்கு முன்னால் ஓடுகிறார்கள்" என்று பாதியிலேயே மனம் விட்டுவிட வாய்ப்பு உண்டு. வளைவு முடிந்து நேர்கோட்டுக்கு வரும்போதுதான் யார் முன்னால் என்று தெரியும் என்பதை அவளிடம் இப்போதே சொல்லி வையுங்கள்.

வளைவில் உள்பக்கக் கோட்டை மிதித்துக்கொண்டு ஓடக் கூடாது. முடிவுக் கோட்டில் கையையோ காலையோ நீட்டுவதில் பயனில்லை, உடல் கடப்பதைத்தான் பார்ப்பார்கள். கோட்டுக்கு ஐந்து மீட்டர் தள்ளி இன்னொரு கோடு இருப்பதாக நினைத்துக்கொண்டு ஓடினால் கடைசியில் வேகம் குறையாது. நீங்கள் ட்ராக்குக்கு உள்ளே போய்ப் பக்கத்திலேயே ஓடிக் கத்தினால் உதவி செய்ததாகச் சொல்லி அவளை நீக்கிவிடலாம். வெளியே நின்று கத்துங்கள்.

நீங்கள் கேட்ட மோதல் விஷயத்துக்கு வருகிறேன். இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள், குறுவட்டத்தில் நல்ல பிள்ளைகள் இடத்தை இழப்பது பெரும்பாலும் இங்கேதான். ஓட்டம் யாருக்காகவும் நிற்காது. அதனால் இரண்டுக்கும் ஒரே நேரத்தில் அழைப்பு வந்தால் ஓட்டத்துக்குத்தான் போக வேண்டும். ஆனால் சொல்லாமல் போகக் கூடாது. மணல்குழி அருகே பட்டியல் வைத்திருக்கும் நடுவரிடம் போய், செஸ்ட் நம்பரைச் சொல்லி, "சார், எனக்கு 200 மீட்டர் ஹீட்ஸ் இருக்கிறது, இந்தச் சுற்றில் முதலில் தாண்டிவிட்டுப் போகட்டுமா?" என்று கேட்க வேண்டும். ஒரு சுற்றுக்குள் (எல்லோரும் ஒருமுறை தாண்டி முடிப்பது ஒரு சுற்று) ஒரு பிள்ளையின் வரிசையை முன்பின் மாற்றிக் கொடுக்க விதியில் இடம் இருக்கிறது. நடுவர் சரி என்றால் தாண்டிவிட்டு ஓடலாம். நேரமில்லை என்றால் சொல்லிவிட்டு ஓடிவிட்டு வர வேண்டும். அவள் திரும்பும்போது அதே சுற்று நடந்துகொண்டிருந்தால் தாண்டலாம். சுற்று முடிந்து போயிருந்தால் அந்த வாய்ப்பு போனதுதான், அடுத்த சுற்றிலிருந்து சேர்ந்துகொள்ள வேண்டும். சில நடுவர்கள் மனமிரங்கி, விட்டுப்போன தாண்டலையும் சேர்த்துத் தருவார்கள். அதை நம்பிப் போகாதீர்கள், பக்கத்துப் பள்ளி ஆட்சேபம் சொன்னால் செல்லாமல் போகும். அப்புறம், ஓடிவிட்டு மூச்சிரைக்க வந்து உடனே தாண்ட வேண்டியதில்லை. பெயர் கூப்பிட்ட பிறகு ஒரு நிமிட அவகாசம் உண்டு. இதையெல்லாம் பி.டி. டீச்சர் பார்த்துக்கொள்வார் என்று விடாதீர்கள், அவர் அதே நேரத்தில் இருபது முப்பது பிள்ளைகளைத் துரத்திக்கொண்டிருப்பார். உங்கள் மகளுக்கே தெரிந்திருக்க வேண்டும்.

தாண்டுதலில் இன்னொன்று. தாண்டி விழுந்ததும் பின்னால் கை ஊன்றினால், கை பட்ட இடத்திலிருந்துதான் அளப்பார்கள். குழியிலிருந்து முன்பக்கமாக வெளியே வர வேண்டும், வந்த வழியே மணலில் திரும்பி நடந்தால் ஃபவுல்.

ஸ்பைக்ஸ் வேண்டாம். இதுவரை போட்டுப் பழகாத ஸ்பைக்ஸைப் போட்டி நாளில் போட்டால் கெண்டைக்கால் பிடித்துக்கொள்ளும், வளைவில் தடுக்கும். மண் ட்ராக்கில் அவள் தினமும் எதில் ஓடுகிறாளோ அதிலேயே ஓடட்டும். வெறுங்காலில் ஓடிப் பழகியவள் என்றால் அதுவும் சரிதான், முந்தி ஒருமுறை லேனை நடந்து பார்த்து முள், கண்ணாடி இருந்தால் எடுத்துவிட்டால் போதும். "இந்த பிராண்ட் வாங்கினால்தான் டிஸ்ட்ரிக்ட் போகலாம்" என்று கடைப் பெயரோடு வரும் பயிற்சியாளருக்கு அந்தக் கடையில் கமிஷன் இருக்கும். மாவட்டப் போட்டிக்குத் தேர்வாகி, திருச்சி அண்ணா விளையாட்டரங்கம் மாதிரி செயற்கை இழை ஓடுதளத்தில் ஓட வேண்டி வந்தால் அப்போது பார்க்கலாம். அங்கேயும் ஓட்டத்துக்கு ஆணி 9 மில்லிமீட்டருக்கு மேல் இருக்கக் கூடாது.

இனி அந்தப் பதினெட்டாயிரம். பள்ளித் தடகளத்தில் படி தெளிவானது: குறுவட்டம், அடுத்து வருவாய் மாவட்டம், அடுத்து மாநிலம், அதிலிருந்து தேர்வாகிறவர்கள் இந்தியப் பள்ளி விளையாட்டுக் கூட்டமைப்பின் தேசியப் போட்டிக்கு. இன்னொரு வழி மாவட்ட தடகளச் சங்கம், மாநில சங்கம், இந்திய தடகளச் சம்மேளனம் என்று போகிறது. இரண்டிலும் ஜெயித்துத்தான் மேலே போக முடியும். பணம் கட்டியவரை எல்லாம் ஏற்றிக்கொண்டு போகும் "நேஷனல்", நேபாளத்தில் நடக்கும் "இன்டர்நேஷனல்" எல்லாம், ஒரு சங்கத்தைப் பதிவு செய்து வைத்திருப்பவர்கள் நடத்தும் வியாபாரம். சங்கப் பதிவு எண் இருந்தால் அரசு அங்கீகாரம் என்று அர்த்தமில்லை. ஒரு போட்டிக்கு நாலு பிள்ளைகள், எல்லோருக்கும் பதக்கம், பளபளவென்று சான்றிதழ். நாளைக்கு விளையாட்டு ஒதுக்கீட்டில் கல்லூரிக்கோ வேலைக்கோ அதை நீட்டினால் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். நகையை அடகு வைத்து அனுப்பிவிட்டு, மூன்று வருடம் கழித்து அந்தச் சான்றிதழைக் கையில் வைத்துக்கொண்டு என்னிடம் வந்து நின்ற பெற்றோர் இருக்கிறார்கள். அவர்களுக்கு நான் என்ன பதில் சொல்வது? இந்தக் கூட்டங்கள் பள்ளி வாசலிலேயே நோட்டீஸ் கொடுக்கின்றன, தடுக்க வேண்டிய அதிகாரிகள் அவர்கள் விழாவிலேயே மாலை வாங்கிக்கொள்கிறார்கள். சந்தேகம் வந்தால் மாவட்ட உடற்கல்வி ஆய்வாளரிடமோ மாவட்ட விளையாட்டு அலுவலகத்திலோ போட்டியின் பெயரைச் சொல்லி நேரில் கேளுங்கள்.

இதே ஆட்கள் அடுத்ததாகச் சொல்வது, "பிறந்த தேதியில் ஒரு வருடம் குறைத்துவிட்டால் அடுத்த ஆண்டும் இதே பிரிவில் ஓடலாம்" என்பது. ஒத்துக்கொள்ளவே கூடாது. மேல்மட்டப் போட்டிகளில் இடது மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்து எலும்பு வளர்ச்சியை வைத்து வயதைப் பார்க்கிறார்கள். மாட்டினால் தடை பிள்ளைக்குத்தான், ஆலோசனை சொன்னவருக்கு ஒன்றுமில்லை.

அந்தப் பயிற்சியாளர் "நீளம் தாண்டுதலை விட்டுவிடு, 200 மட்டும் போதும்" என்றும் சொல்லக் கூடும். பதின்மூன்று வயதில் விட வேண்டாம். இந்திய தடகளச் சம்மேளனமே தன் மாவட்டங்களுக்கு இடையிலான ஜூனியர் போட்டியில் 14 வயதுக்குட்பட்டவர்களுக்கு ஓட்டம், தாண்டுதல் எல்லாம் கலந்த டிரையத்லானை (மூன்று போட்டிகள் சேர்ந்தது) வைத்திருக்கிறது. இந்த வயதில் உடம்பு எல்லாவற்றையும் பழக வேண்டும் என்பதே அதன் நோக்கம்.

சாயங்காலம் சான்றிதழ் கொடுத்தால் அங்கேயே நின்று பெயர், இனிஷியல், பிறந்த தேதி மூன்றையும் பள்ளியின் எமிஸ் (கல்வித் துறையின் இணைய மாணவர் பதிவேடு) பதிவோடு ஒத்துப் பாருங்கள். ஓர் எழுத்துத் தவறைப் பிறகு திருத்த மாதக்கணக்கில் அலைய வேண்டிவரும். போட்டி முடிவு மீது ஆட்சேபம் இருந்தால், அறிவித்த முப்பது நிமிடத்துக்குள் பி.டி. டீச்சர் வழியாகத்தான் சொல்ல வேண்டும். ஹீட்ஸ் நேரம், ஃபைனல் நேரம், தாண்டிய தூரம் மூன்றையும் தேதியோடு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். கையில் பிடிக்கும் ஸ்டாப் வாட்ச் நேரம் மின்னணு நேரத்தைவிடக் கால் நொடி அளவுக்குக் குறைவாகவே காட்டும், அதனால் டிவியில் பார்க்கும் நேரத்தோடு ஒப்பிட வேண்டாம். அடுத்த ஆண்டு அவளுடைய நேரத்தோடு மட்டும் ஒப்பிடுங்கள்.