மகள் சின்னப் படங்களில் நடிக்கப் போகிறாளாம்: செந்தூல் அம்மாவுக்குப் பதில்

பள்ளி இறுதித் தேர்வான எஸ்பிஎம் முடித்த மகள், சுயாதீனப் படங்களிலும் ஆவணப்படங்களிலும்தான் நடிப்பேன் என்கிறாள், இதில் சோறு கிடைக்குமா என்று கேட்டிருந்தீர்கள் அம்மா. நடிப்பை மட்டும் நம்பினால் கஷ்டம். அதோடு ஒட்டிய இன்னொரு வருமானமும் இருந்தால் சமாளிக்கலாம்.

ஆவணப்படத்தில் வருபவர்கள் பெரும்பாலும் நிஜ மனிதர்கள். நடிகருக்கு அங்கே கிடைப்பது, நடந்ததை மறுபடி நடித்துக் காட்டும் காட்சியும் பின்னணிக் குரலும்தான். என் கண் அந்தக் குரல் மேலேயே இருக்கிறது. தமிழ், மலாய், ஆங்கிலம் மூன்றையும் தடுமாறாமல் வாசிக்கத் தெரிந்தால் விளம்பரம், டப்பிங், கம்பெனிப் பயிற்சி வீடியோ என்று வேலை தேட நிறைய இடம் உண்டு. தமிழ்ப்பள்ளியில் படித்தவள் என்றீர்களே, அதுதான் கைமுதல். தினமும் பேப்பரைச் சத்தமாக வாசித்துப் போனில் பதிவு செய்யட்டும். ழகரம் எங்கே சறுக்குகிறது என்று அவளுக்கே கேட்கும்.

2015இல் வந்த நம் மலேசியத் தமிழ்ப் படம் 'ஜகாட்' மறு வருடமே மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகவில்லையா என்று மகள் வாதாடுவாள். வாதாடட்டும். ஆனால் அப்படி ஒரு படம் வருடா வருடம் வராது. மாணவர் குறும்படங்களில் சாப்பாடும் பெட்ரோல் காசும் கிடைத்தாலே பெரிது. இருந்தாலும் நடிக்கட்டும், ஆடிஷனில் காட்டுவதற்குக் காட்சிகள் வேண்டுமே! எத்தனை நாள், படம் எங்கெல்லாம் திரையிடப்படும், அவள் காட்சியின் பிரதி எப்போது கைக்கு வரும், இதெல்லாம் வாட்ஸ்அப்பிலாவது எழுத்தில் இருக்க வேண்டும். "நம்ம பசங்கதானே" என்று விட்டுவிடாதீர்கள். இரவு ஷூட்டிங் என்றால் வீட்டில் கொண்டுவந்து விடுவது யார் என்றும் கேளுங்கள். அதற்கே முகம் சுளிக்கும் குழு நமக்கு வேண்டாம்.

படிப்புக்கு அஸ்வாராவைப் பாருங்கள். கோலாலம்பூரிலேயே இருக்கும் அரசு நிறுவனம், நாடகமும் திரைப்படமும் தனித்தனியாகக் கற்றுத் தருகிறார்கள். நான் நாடகத்தைத்தான் சொல்வேன். மேடையில் பழகியவர் கேமராவுக்குக் குரலையும் உடம்பையும் அடக்கினால் போதும், கேமராவில் மட்டும் பழகியவர் மேடையில் திணறுவார். அதற்கு முன் செந்தூல் பார்க்கில் இருக்கும் கேஎல்பேக் அரங்கில் இரண்டு நாடகம் பார்க்கட்டும், வீட்டுக்குப் பக்கம்தானே.

அப்புறம், இது மருத்துவ விடுப்பு (எம்.சி.) எடுத்தால் சம்பளம் கொடுக்க முதலாளி இல்லாத வேலை. கையில் காசு வரத் தொடங்கியதும் வேலையில் அடிபட்டால் கைகொடுக்கும் சொக்சோவின் (சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) சுயதொழில் திட்டத்தில் அவளைப் பதிந்துவிடுங்கள். கலைத்துறையினரும் அதில் சேரலாம்.